ஏற முடியாத மலைக்குப் போகும் மகனுக்கு

அன்புள்ள குமரா,

"இவ்வளவு செலவு பண்ணி உலுருவுக்குப் போறோம், மேலே ஏற விடமாட்டாங்களாமே, அப்புறம் அங்கே என்னம்மா இருக்கு?" என்று நேற்று கேட்டாய், ஆஸ்திரேலியாவின் நடுப் பாலைவனத்தில் நிற்கும் அந்தப் பெரிய செம்பாறையைப் பற்றி. போனில் பதில் சொல்ல ஆரம்பித்தால் பாதியிலேயே உனக்கு மீட்டிங் வந்துவிடும். அதனால்தான் எழுதுகிறேன்.

உனக்கு லீவு கிடைக்காமல் அப்பாவையும் என்னையும் மட்டும் அங்கே அனுப்பிவைத்தாயே, அப்போது ஏறும் வழியை ஏற்கெனவே மூடிவிட்டிருந்தார்கள். எனக்கு ஒரு குறையும் தெரியவில்லை. அந்த நிலத்துக்குச் சொந்தக்காரர்களான அனங்கு என்ற பழங்குடி மக்கள், ஏறாதீர்கள் என்று எத்தனையோ வருஷம் கேட்டுப் பார்த்தார்கள். அடிவாரத்திலேயே பலகையும் வைத்திருந்தார்கள். அதைப் படித்துவிட்டே சங்கிலியைப் பிடித்து ஏறியவர்கள் லட்சக்கணக்கில். அந்த வழி அனங்கு மக்களுக்குச் சாதாரண வழி இல்லை. ஆதியில் சடங்கு நடத்த வந்த மாலா என்ற முன்னோர்கள் மேலே போன வழி. ஏறப்போய் 37 பேர் இறந்திருக்கிறார்கள். தங்கள் மண்ணுக்கு வந்தவர் செத்தால் அந்தத் துக்கம் தங்களுடையது என்று அனங்கு நினைக்கிறார்கள். இன்னொன்று: மேலே கழிப்பறை கிடையாது. மழை வந்தால் எல்லாம் கீழே சுனைக்குத்தான் வரும்.

1985 அக்டோபர் 26 அன்று நிலம் அவர்கள் கைக்குத் திரும்பியது. அன்றே தேசியப் பூங்காவுக்காக 99 வருஷக் குத்தகைக்கு விட்டார்கள். அனங்கு பெரும்பான்மையாக உள்ள நிர்வாகக் குழு 2017இல் முடிவெடுத்து, 2019இல் அதே அக்டோபர் 26 அன்று ஏறுவதை நிறுத்தியது.

சரி, கீழே என்ன இருக்கிறது? முதலில் தண்ணீரைப் பார். பாறை 348 மீட்டர் உயரம், முழுக்க மொட்டை. பெய்கிற மழையில் பெரும்பகுதி வழுக்கிக்கொண்டு அடிவாரத்துக்கு வந்துவிடும். அதனால் பாறையை ஒட்டி மரங்கள் நெருக்கமாக நிற்கும், அத்திகூட உண்டு. கொஞ்சம் தள்ளிப் போனால் செம்மணலும் ஸ்பினிஃபெக்ஸ் என்ற ஊசிப்புல்லும்தான். முடிஜுலு சுனைக்குக் கட்டாயம் பிள்ளைகளைக் கூட்டிப்போ. தன் வீட்டுப் பிள்ளையைக் கொன்ற லிரு என்ற விஷப்பாம்பு வீரனை, குனியா என்ற மலைப்பாம்புப் பெண் கிழங்கு தோண்டும் தடியால் அடித்த இடம் அது. அடி விழுந்த தழும்பைப் பாறையில் காட்டுவார்கள். முதல் அடி சின்னது, இரண்டாவது ஆழமானது. அவள்தான் இன்றும் அந்தத் தண்ணீரைக் காவல் காக்கிறாள் என்பது அவர்கள் நம்பிக்கை. பாலைவனத்தில் ஒரு சுனைக்கு அப்படியொரு காவல் இல்லாவிட்டால் அது என்ன கதிக்கு ஆகும், நீயே யோசி.

தாவரவியல் டீச்சர் என்பதால் இதைச் சொல்லாமல் விட முடியாது. பாலை ஓக் என்று ஒரு மரம். பெயர்தான் ஓக், ஆனால் நம் கடற்கரைச் சவுக்கின் குடும்பம். சின்ன வயதில் சவுக்கு ஊசியைக் கணுவில் பிரித்து, மறுபடி செருகி, "எங்கே உடைச்சேன் சொல்லு" என்று விளையாடுவாயே, அதே கணுக்கள் இதிலும் உண்டு. பறிக்காதே, குனிந்து கீழே கிடப்பதைப் பார். இளம் மரங்கள் கிளையே விரிக்காமல் ஒல்லியாக நிற்கும். வேர் ஆழத்துத் தண்ணீரைத் தொடும்வரை அப்படித்தான். தொட்டபிறகுதான் குடை விரியும். இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் நிற்பதால் வேறு வேறு மரம் என்று நினைத்துவிடுவோம். அப்பா கடைசிவரை நம்பவில்லை.

மாலா என்று சொன்னேனே, அது வாலபி என்ற கங்காரு இனத்தில் ஒரு குட்டிப் பிராணியின் பெயரும்கூட. பழைய புல் அதற்கு ஒளிந்துகொள்ள, எரிந்து துளிர்த்த புல் தின்ன. அனங்கு சிறுசிறு திட்டாக எரித்ததால் இரண்டும் கிடைத்தன. அவர்களை நிலத்திலிருந்து விலக்கியபின் புல் மண்டியது. 1976இல் பெருந்தீ பூங்காவின் பெரும்பகுதியைத் தின்றுவிட்டது. வெளியிலிருந்து வந்த பூனையும் நரியும் சேர்ந்துகொள்ள, கதையில் மட்டும் மாலா மிஞ்சியது. 2005இல் பூங்காவுக்குள் வேலி போட்டுத் திரும்பக் கொண்டுவந்து விட்டார்கள். திட்டுத் தீயும் திரும்பிவிட்டது, இப்போது வனக்காவலர்களும் அவர்களோடு சேர்ந்தே செய்கிறார்கள். அடுப்பைத் தவிர எங்கே தீ தெரிந்தாலும் பதறுகிற எனக்கே இதைப் புரிந்துகொள்ளக் கொஞ்ச நேரம் ஆனது.

சுற்றி நடக்க 10 கிலோமீட்டருக்குமேல் ஆகும். குழந்தைகளிடம் கிரிவலம் என்று சொல்லிவைக்காதே. நம் சாமியை அங்கே கொண்டுபோய் உட்கார வைக்க வேண்டாம், அவர்களுக்கு அவர்கள் கதை இருக்கிறது. சில இடங்களில் போட்டோ எடுக்கக் கூடாது என்று பலகை இருக்கும். பெண்கள் மட்டுமோ ஆண்கள் மட்டுமோ அறிய வேண்டிய இடங்கள் அவை. ஏன் என்று துருவாதே. கல்லையோ மண்ணையோ சின்னவள் பையில் போட்டுக்கொள்வாள், கவனம். அப்படி எடுத்துப்போனவர்கள் மன்னிப்புக் கடிதத்தோடு தபாலில் திருப்பி அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள்.

வெயில் ஏறுமுன், 11 மணிக்குள் நடையை முடித்துவிடுங்கள். ஈத் தொல்லை தாங்காது, முகவலை ஆளுக்கொன்று மெல்போர்னிலேயே வாங்கிவிடு. அங்கே விலை அதிகம் என்று அப்பா இன்னும் புலம்புகிறார்.

அன்புடன்,
அம்மா