சுரண்டாமல் போடும் சாலை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 2024-இல் மாநகராட்சியான காரைக்குடியில், பாதாளச் சாக்கடைக்குத் தோண்டிய தெருக்களில் தார் போடுவதைப் பற்றி இக்கடிதம். பழைய தார்த்தளத்தைச் சுரண்டி எடுத்துவிட்டுத்தான் புதுச்சாலை போட வேண்டும் என்று 2021-லேயே அன்றைய தலைமைச் செயலாளர் இறையன்பு உத்தரவிட்டார். பெரிய சாலைகளில் எப்படியோ, உள் தெருக்களில் சுரண்டும் இயந்திரத்தைப் பார்ப்பதே அபூர்வம்.

மேலுக்கு மேல் போட்டால் தடவைக்கு 3 முதல் 5 செ.மீ. ஏறும். நாலைந்து தடவையில் அரை அடி. செட்டிநாட்டுத் தெருவுக்கு அந்த அரை அடி பெரிய கணக்கு. முற்றத்தில் விழும் மழை தூம்பு என்னும் வடிகால் வழியே தெருவுக்கும், அங்கிருந்து ஊருணிக்கும் போகும்படி மட்டம் பார்த்துக் கட்டிய வீடுகள் இவை. ரோடு உயர்ந்தால் தூம்பின் வாய் தாழ்ந்துவிடும். அடைமழையில் தெருத் தண்ணீர் முற்றத்துக்கே திரும்பும். மூன்று படி ஏறிப் போன திண்ணைக்கு இன்று ஒன்றரைப் படிதான் மிச்சம்.

வண்டி ஓட்டுவோருக்குத் தொல்லை வேறு மாதிரி. தாரின் ஓரம் கத்தியால் வெட்டினாற்போல் நிற்கிறது. எதிரே டவுன் பஸ் வந்தால் டூவீலர் மண்ணில் இறங்கித்தான் ஆக வேண்டும். திரும்ப ஏறும்போது முன்சக்கரம் ஏறாமல் ஓரத்தை உரசிக்கொண்டே ஓடும். ஹேண்டில்பாரைச் சட்டென்று ஒடித்தால் வண்டி படுத்துவிடும். பின்னால் ஷேர் ஆட்டோ வந்தால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. ஓரத்தில் கிராவல் கொட்டிச் சரிவாக இறுக்கினால் தீரும். அந்த வேலையைத்தான் கடைசியில் விட்டுவிடுகிறார்கள்.

சாக்கடை மூடிகளையும் புது மட்டத்துக்கு உயர்த்த வேண்டும். இல்லையேல் நடுத்தெருவில் வட்டக்குழி. மழைநீர் நின்றால் கண்ணுக்கே தெரியாது. குழாய் பதித்த பள்ளத்தில் மண்ணை ஒரே மூச்சாகத் தள்ளி மூடினால் முதல் மழைக்கே உட்கார்ந்துவிடும். அரை அடி மண் போட்டு, தண்ணீர் விட்டு, திமிசுக் கட்டையால் இடித்து இறுக்க வேண்டும். பிறகு அடுத்த அரை அடி. தார் அதற்கப்புறம்.

தெருக்காரர்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. வேலை தொடங்குமுன் வாசற்படியிலிருந்து ரோடு எத்தனை அங்குலம் கீழே இருக்கிறது என்று அளந்து, சுவரில் ஒரு கோடு போட்டு, தேதியோடு படம் எடுத்து வைக்கலாம். சுரண்டும் இயந்திரம் வராமல் தார் லாரி மட்டும் வந்து நின்றால் அப்போதே கேட்க வேண்டும். ரோலர் ஏறிவிட்டால் அடுத்த டெண்டர் வரைக்கும் அப்படியேதான்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
செக்காலை, காரைக்குடி.