அன்று வீடு புதுசு, நிலம் பழசு

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்தது. மகள் திருச்சியில் வேலைக்குச் சேர்ந்த செய்தியைப் படித்ததும் அம்மாவிடம் சத்தமாக வாசித்துக் காட்டினேன். கண் அறுவை முடிந்து அம்மா நன்றாக இருக்கிறாள், உன்னையும் விசாரித்தாள். இந்த வருடம் கண்மாய்க்குக் கீழே இருக்கும் வயலைத் தரிசாகப் போடலாமா என்று எழுதியிருந்தாயே, அதைக் கொஞ்சம் பொறு. அந்த வயலைப் பற்றி உன்னிடம் கேட்க வேண்டியது ஒன்று இருக்கிறது. அதற்கு முன்னால், என்ன படம், எங்கே எடுக்கிறீர்கள் என்று நீ கேட்டதற்குப் பதில் சொல்லிவிடுகிறேன்.

கதை 1942இல் நடக்கிறது. ரங்கூனில் ஒரு செட்டியார் லேவாதேவிக் கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தவன் ஒருவன். 1941 டிசம்பர் 23ஆம் தேதி ஜப்பான்காரன் ரங்கூன்மேல் குண்டு போடுகிறான். கப்பலில் இடம் கிடைக்காத ஆயிரக்கணக்கானவர்களோடு அவனும் நடக்கிறான். காடும் மலையும் தாண்டி, மணிப்பூர் வழியாக உள்ளே வந்து, ஊர் சேர்கிறான். படத்தில் முக்கால் பங்கு அவன் திரும்பி வந்த ஊரில்தான். செட்டிநாட்டில் ஒரு சிற்றூர். முதலாளியின் வீடு பெரிய தெருவில், அவன் குடிசை கண்மாய்க் கரையோரம். எனக்கு ஆர்ட் டிபார்ட்மென்டில் இடம் பார்க்கும் வேலை. தை பிறந்ததிலிருந்து ஒரு கையில் பட்டியலும் ஒரு கையில் போனுமாகக் கானாடுகாத்தான், பள்ளத்தூர், கொத்தமங்கலம், கண்டனூர் என்று சுற்றிக்கொண்டே இருக்கிறேன்.

வீட்டுக்குப் பஞ்சமில்லை. பூட்டிக் கிடக்கும் வீடுகள்தான் அதிகம். வாசலில் காவலுக்கு ஒரு பெரியவர் இருப்பார். சாவி அவரிடம், அனுமதி பங்காளிகளிடம். பங்காளிகளோ சென்னையிலும் சிங்கப்பூரிலும் கோலாலம்பூரிலும். ஒருவர் சரி என்றால் இன்னொருவர் யோசிக்க வேண்டும் என்பார். அவர்களைக் குறை சொல்ல முடியாது. கல்யாணம், அறுபதாம் ஆண்டு சாந்தி, முன்னோருக்குப் படைப்பு என்றால் இன்றும் எல்லோரும் அந்த வீட்டுக்கு வந்துதான் ஆக வேண்டும். அங்கே ஒரு யூனிட் இருநூறு பேரோடு நுழைந்து வளவில், அதாவது நடு முற்றத்தில், கேமராத் தண்டவாளம் போட்டால் யாருக்கும் மனசு பதறும்.

நம் சினிமா இந்த வீடுகளைப் பார்த்த பார்வையில் எனக்கு நெடுநாள் வருத்தம் உண்டு. தேனிப் பக்கத்துக் கதையா, கொங்குநாட்டுக் கதையா, எதுவானாலும் நாட்டாமை வீடு என்றால் ஒரு செட்டிநாட்டு வீடு. அது வியாபாரி வீடு என்பதே மறந்துபோயிற்று. முகப்பு வந்தவர் உட்கார, பட்டாலை விசேஷங்களுக்கு, வளவைச் சுற்றியுள்ள அறைகள் கல்யாணமான ஒவ்வொரு மகனுக்கும் ஒன்று. ஒவ்வொரு புள்ளிக்கும், அதாவது கல்யாணமான ஒவ்வொரு சோடிக்கும், தனித்தனி அடுப்பு. ஒரே கூரைக்குள் அத்தனை குடும்பம், அத்தனை கணக்கு. முன்வாசலில் நின்று பார்த்தால் கட்டுக் கட்டாகத் தாண்டிப் பின்வாசல் வரைக்கும் பார்வை நேராக ஓடும். ஆண்கள் முகப்பிலும் பெண்கள் பின்கட்டிலும் என்று அந்தக் கோட்டிலேயே ஒரு காட்சி எழுதிக் கிடக்கிறது. எங்கள் கேமராமேன் அதைப் பார்த்த மாத்திரத்தில் புரிந்துகொண்டார். வேறு கோணம் தேட வேண்டாம், இந்தக் கோட்டை மட்டும் நம்பினால் போதும் என்றார்.

ஆனால் முதல் நாளிலிருந்தே எனக்கு ஒன்று உறுத்திக்கொண்டிருந்தது. பழைய காலம் என்றால் காரை உதிர்ந்த சுவர், பாசி படிந்த முற்றம், நிறம் போன தூண் என்று யூனிட்டில் எல்லோருக்கும் ஒரு படம் மனதில் இருக்கிறது. "இது நல்லா பழசா இருக்கு சார்" என்று சொல்லித்தான் வீட்டைத் தேர்வு செய்கிறார்கள். இந்த வீடுகளில் பெரும்பாலானவை பர்மாப் பணம் வந்து கொட்டிய காலத்தில், முந்தைய இரண்டு மூன்று தலைமுறைக்குள் கட்டியவை. 1942இல் அவற்றில் பல புத்தம் புது வீடுகள்! சுண்ணாம்பும் மணலும் அரைத்து, கடுக்காயும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்து இழைத்த சுவரில் முகம் தெரிந்திருக்கும். பர்மாத் தேக்குத் தூணில் எண்ணெய் வாசம் போயிருக்காது. ஆத்தங்குடிக் கல் பாவிய தரையில் பூ நிறம் அப்படியே இருந்திருக்கும். குடிசையிலிருந்து வந்து அந்த வாசலில் நிற்கும் நம் கணக்குப்பிள்ளையின் கண்ணுக்கு அது அரைகுறைச் சிதைவாகத் தெரிந்திருக்குமா? கண் கூசியிருக்கும். அந்தக் கூச்சம் இல்லாவிட்டால் கதையே இல்லை.

இயக்குநரிடம் இதைச் சொன்னேன். பணம் அதிகம் ஆகுமே என்று முதலில் தயங்கினார். ஒரு பட்டாலையும் ஒரு முகப்பும் மட்டும் புதுப்பித்தால் போதும், மற்றதெல்லாம் ஃபிரேமுக்கு வெளியே வைத்துக்கொள்ளலாம் என்று பேசி முடித்தோம். நல்ல வேளையாக, சுண்ணாம்புப் பூச்சு தெரிந்த கொத்தனார்கள் இன்னும் அங்கே இருக்கிறார்கள். ஆத்தங்குடியில் கண்ணாடிமேல் சாயத்தை ஊற்றி, மேலே சிமெண்டும் மணலும் போட்டுக் கல் வார்ப்பதும் நிற்கவில்லை. படம் முடிந்ததும் அந்தப் பூச்சு வீட்டுக்காரர்களுக்கே இருக்கட்டும். பூட்டிய வீடுகள் பிரிபட்டு, தூணும் கதவும் நிலையும் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகளில் வரிசையாக நிற்பதைப் பார்த்துவிட்டு வந்தவன் நான். சினிமாக் காசில் ஒரு முகப்பாவது நிமிர்ந்து நின்றால் எனக்கு அது பெரிய விஷயம்.

நிலத்தின் கதை நேர்மாறு. வீட்டை நாங்கள் புதுசாக்க வேண்டும், நிலத்தைப் பழசாக்க வேண்டும். முதலாவதுக்குக் கொத்தனார் போதும். இரண்டாவதுக்கு யாரைக் கூப்பிடுவது?

உன் ஊர்ப் பக்கமே ஒரு சித்திரை மாத மதியம் கண்மாய்க் கரையில் ஏறி நின்று சுற்றிப் பார். பார்க்கும் திசையெல்லாம் சீமைக் கருவேலம். கோடையிலும் பச்சை. கேமராவில் அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அது நம் மாவட்டங்களில் இப்படிப் பரவியதே சுதந்திரத்துக்குப் பிறகு. 1942இல் அதே கரையில் நின்றவனுக்குக் கோடையில் தெரிந்தது வெறும் செம்மண்ணும், வெடித்த கண்மாய் வண்டலும், அங்கங்கே உடைமரமும் வேம்பும் நாட்டுக் கருவேலமும், நெடுக நின்ற பனையும்தான். தூரத்தில் நடந்து வருகிற ஆள் வெகுநேரத்துக்கு முன்பே தெரிந்திருப்பான். பர்மாவிலிருந்து மகன் நடந்து வருவதை ஒரு தாய் எவ்வளவு தொலைவிலிருந்து பார்த்திருக்க முடியும் என்பது எங்கள் படத்தின் முக்கியமான காட்சி. இன்றைய நிலத்தில் இருபது அடியில் புதர் மறைத்துவிடும்.

மின்கம்பியையும் செல்போன் கோபுரத்தையும் கிராஃபிக்ஸில் அழித்துவிடலாம், அது இப்போது சாதாரண வேலை. அடிவானம் முழுக்க இருக்கிற ஒரு மரத்தை ஒவ்வொரு ஷாட்டிலும் அழிப்பது அப்படி இல்லை. அதனால் சீமைக் கருவேலம் வெட்டிச் சுத்தம் செய்த நீர்பிடிப்பு எங்கே இருக்கிறது என்று ஒவ்வொரு ஊராக விசாரிக்கிறேன். வெட்டிய இடத்திலும் ஒரு மழைக்குப் பிறகு மறுபடி துளிர்த்து நிற்கிறது. உனக்கு இந்தப் போராட்டம் தெரிந்ததுதானே, உன் வரப்பிலேயே வருடா வருடம் செய்கிறாய்.

அந்தக் கால நிலம் எப்படி இருந்தது என்று பார்க்க நமக்குச் சினிமாவும் உதவுவதில்லை. இதில் எனக்கு ஆற்றாமை அதிகம், ஏனென்றால் சினிமா இதே மண்ணுக்கு வந்திருக்கிறது. ஏ.வி. மெய்யப்பன் காரைக்குடியை ஒட்டி, தேவகோட்டை ரஸ்தாவில் ஸ்டுடியோ போட்டுத்தானே 1947இல் வந்த 'நாம் இருவர்' படத்தை எடுத்தார். பிறகு வடபழனிக்குப் போய்விட்டார். அந்தக் காலப் படப்பிடிப்பு பெரும்பாலும் தளத்துக்குள்ளேயே நடந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் இருந்த வயலையும் ஊருணியையும் கேமராவை நகர்த்தி ஒரு பத்து நிமிடம் எடுத்து வைத்திருந்தால் இன்று எனக்கு எவ்வளவு வேலை மிச்சம்! இப்போது பெரியவர்களைக் கேட்டுத்தான் தெரிந்துகொள்கிறேன்.

மாட்டிலும் இதே கதைதான். தெருவில் ஜெர்சிக் கலப்பு மாடு ஒன்று குறுக்கே போனால் காட்சி போயிற்று. புலிக்குளம் மாடுகளுக்கு ஆள் சொல்லி வைத்திருக்கிறேன். வண்டிக்கு டயர் கூடாது, இரும்புப் பட்டை போட்ட மரச்சக்கரம் வேண்டும். அந்தச் சக்கரம் ஓடினால்தான் மண்பாதையில் அந்த ஒடுக்கமான தடம் விழும். தடத்தைக் கையால் தோண்டி உண்டாக்கலாம் என்றார்கள், நான் ஒப்புக்கொள்ளவில்லை. நாலு நாள் முன்பே வண்டியை ஓட்டி, பாதை தானாகப் பழகட்டும் என்று சொல்லியிருக்கிறேன்.

ரங்கூன் காட்சிகளுக்குப் பினாங்கு போகலாம் என்று தயாரிப்பாளர் சொல்கிறார். ஜார்ஜ் டவுனில் பழைய தெருக்கள் நன்றாகக் காப்பாற்றியிருக்கிறார்கள், செட்டியார்கள் தங்கித் தொழில் நடத்திய கிட்டங்கிகளும் அவர்கள் கோயிலும் அங்கே இருக்கின்றன. ஆனாலும் அது பினாங்குதான், செட்டியார் கடைகள் இருந்த ரங்கூன் மொகல் தெரு ஆகாது. கிட்டங்கியின் உட்புறத்தை மட்டும் காரைக்குடியிலேயே எடுக்கலாம் என்பது என் கட்சி. நீளமான கூடம், தரையில் பாய், ஒவ்வொருவர் முன்னாலும் ஒரு கைப்பெட்டி, ஜன்னலுக்கு வெளியே வெளிச்சம். அவ்வளவு போதும். இது இன்னும் முடிவாகவில்லை.

இப்போது உன் வயலுக்கு வருகிறேன்.

கடைசிப் பகுதியில் ஓர் அறுவடை வருகிறது. பர்மா அரிசி நின்றுபோய், ஊரே தன் கண்மாய்த் தண்ணீரை மட்டும் நம்பி விளைவித்த நெல். இதற்காக இடம் பார்த்தபோது போன வயலெல்லாம் இடுப்புக்குக் கீழே, ஒரே மட்டமாக, கத்தரித்து வைத்ததுபோல் நிற்கிறது. 1966இல் ஐ.ஆர்.8 என்ற குட்டை ரக நெல் வந்து, அதன் வழியில் குட்டை நெல் பரவிய பிறகுதானே வயலுக்கு இந்த உருவம். அதற்கு முன்னால் நெல் உயரம். காற்றடித்தால் சாயும், பக்கத்துக் கதிர்மேல் கிடக்கும், வயலில் மேடும் பள்ளமுமாக அலை தெரியும். ஆள் குனிந்தால் மறைந்துவிடுவான். அறுக்கிறவர்களின் முதுகு, கதிர், மறுபடி முதுகு என்று இயக்குநர் காட்சி எழுதி வைத்திருக்கிறார். குட்டை நெல்லில் அதை எடுக்கவே முடியாது.

டெல்டாவுக்குப் போனால் மாப்பிள்ளைச் சம்பாவும் காட்டுயானமும் பயிர் செய்கிறவர்கள் உண்டு. நெல் ஜெயராமன் மீட்டுக் கொடுத்துப் பரப்பிய விதைகள் பல கைகளில் இருக்கின்றன. ஆனால் ஆற்றுப்பாசன வயலின் மண்ணும் வரப்பும் வாய்க்காலும் வேறு. நம் பக்கம் வானம் பார்த்த பூமி, புழுதியில் விதைத்து மழைக்குக் காத்திருக்கிற சாகுபடி. நொறுங்கன், குழியடிச்சான், சித்திரைக்கார் என்று உங்கள் அப்பா சொல்லிக் கேட்டிருக்கிறேன். எது 1942இல் உங்கள் கண்மாய்க்குக் கீழே விளைந்திருக்கும், எது நல்ல உயரம் வரும், இரண்டையும் நீதான் சொல்ல வேண்டும். அந்த வயலைத் தரிசாகப் போடாதே. பழைய நெல் ஒன்றை விதை. விதைச் செலவும் ஆள்கூலியும் படக் கம்பெனி தரும். மகசூல் குறைந்தால் வழக்கமாக எடுக்கிற மூட்டைக்கும் இதற்கும் உள்ள வித்தியாசத்தையும் எழுத்தில் வாங்கித் தருகிறேன். வாய்ப்பேச்சில் விடமாட்டேன். நெல் முழுவதும் உனக்குத்தான். உரம் போட்டு வளர்த்து மிஷின் விட்டு அறுக்க வேண்டாம், கையறுப்பாக இருக்க வேண்டும், அது ஒன்றுதான் நிபந்தனை. பெண்கள் நம் ஊர்க்காரர்களாகவே இருக்கட்டும். அரிவாள் பிடிக்கத் தெரியாத துணை நடிகர்களை வயலில் இறக்க எனக்கு விருப்பமில்லை.

உங்கள் கரையில் இருபது இருபத்தைந்து பனை நின்றதே, இன்னும் இருக்கிறதா? கரையிலிருந்து மடை தெரியும்படி ஒன்றும், வயலிலிருந்து ஊரைப் பார்த்து ஒன்றுமாகப் போனிலேயே படம் எடுத்து அனுப்பு. காலையில் ஒருமுறை, சாயங்காலம் ஒருமுறை எடுத்தால் கேமராமேனுக்கு உதவியாக இருக்கும். ஆவணி கடைசியில் அவரை அழைத்துக்கொண்டு வருகிறேன், இரண்டு நாள் தங்குவோம். அதற்குள் விதை எங்கே கிடைக்கும் என்று விசாரித்து வை. மரச்சக்கரம் செய்யும் ஆசாரி திருப்பத்தூர்ப் பக்கம் யாராவது இருந்தால் அதையும் எழுது.

அன்புடன்,
உன் பழைய அறைத்தோழன்