புன்சன் பற்றிய அந்த ஒற்றை வரி: பாடநூல் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

பள்ளி வேதியியல் பாடநூல் எழுதும் ஆசிரியர்களுக்கு வணக்கம்.

ராபர்ட் புன்சன் (1811–1899) என்றால் பர்னரைக் கண்டுபிடித்தவர் என்று ஒரு வரி எழுதிக் கடந்துவிடுகிறோம். அந்த ஒரு வரியும் பாதிதான் சரி. 1855-ல் ஜெர்மனியின் ஹைடெல்பெர்கில் அவருக்குப் புது ஆய்வகம் எழும்பியபோது, எரிப்பதற்கு நகரத்து நிலக்கரி வாயு குழாயில் வந்தது. எரியும் முன்பே வாயுவோடு காற்றைக் கலந்துவிடலாம் என்ற யோசனை புன்சனுடையது. அதைக் கருவியாகச் செய்துகொடுத்தவர் பல்கலைக்கழக மெக்கானிக் பீட்டர் டெசாகா. புன்சன் காப்புரிமை வாங்கவில்லை.

அந்தச் சுடர் அவருக்கு எதற்கு என்பதை எழுதுங்கள். காற்று போதாத சுடரில் கரித்துகள்கள் கனன்று மஞ்சளாக ஒளிரும். பர்னர் குழாயின் அடியிலுள்ள காற்றுத்துளையைத் திறந்தால் மஞ்சள் மறைந்து, சுடர் ஏறக்குறைய நிறமற்றதாகும். அதில் வைத்த உப்பின் நிறம் மட்டும் கண்ணுக்குத் தெரியும். துளை முழுக்கத் திறந்திருக்க வாயுவை அளவுக்கு மீறிக் குறைத்தால், கலவை மேலேறும் வேகத்தைச் சுடர் பரவும் வேகம் மிஞ்சிவிடும். சுடர் குழாய்க்குள் இறங்கி அடிநுனியில் எரியும். அப்போது வாயுவை மூடி, குழாய் ஆறியபின், துளையை அடைத்துவிட்டுத்தான் மறுபடி பற்றவைக்க வேண்டும்.

சுடரின் நிறத்தை வைத்து உப்பிலுள்ள உலோகத்தை அறியும் சுடர் சோதனையில் மாணவர் தடுமாறுவது பெரும்பாலும் சோடியத்தால். உப்பை அடர் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் குழைப்பதே, எளிதில் ஆவியாகும் குளோரைடாக மாற்றத்தான். பிளாட்டினக் கம்பியை அதே அமிலத்தில் தோய்த்துத் தோய்த்து, சுடரில் நிறம் வருவது நிற்கும் வரை காய்ச்ச வேண்டும். கம்பிக்குப் பதில் கண்ணாடிக் கோலை நீட்டினால் கண்ணாடியிலுள்ள சோடியமே மஞ்சளாகக் காட்டிக்கொடுக்கும். விரல் வியர்வை பட்டாலும் அதே கதிதான். பொட்டாசியத்தின் மெல்லிய ஊதாவை அந்த மஞ்சள் விழுங்கிவிடும். நீலக் கோபால்ட் கண்ணாடி வழியாகப் பார்த்தால் தெரியும்.

புன்சனும் முதலில் நிறக் கண்ணாடி, அவுரிக் கரைசல் வழியாகத்தான் சுடர்களைப் பிரித்துப் பார்த்தார். முப்பட்டகத்தால் நிறமாலையாகப் பிரித்துப் பார்க்கலாமே என்றவர் அவரோடு பணியாற்றிய இயற்பியலாளர் கிர்க்காஃப். 60 கன மீட்டர் அறையின் ஒரு மூலையில் 3 மில்லிகிராம் சோடியம் குளோரேட்டைப் பால்சர்க்கரையோடு வெடிக்கச் செய்தார்கள். சில நிமிடங்களில், தொலைவிலிருந்த சுடரில் சோடியத்தின் மஞ்சள் கோடு பளிச்சிட்டது.

1860-ல் ஜெர்மனியின் டுர்க்கைம் ஊற்றுநீரில், தெரிந்த எந்தத் தனிமத்துக்கும் பொருந்தாத இரண்டு நீலக் கோடுகள் தெரிந்தன. அந்தப் புதிய தனிமத்துக்கு வான்நீலத்தைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து சீசியம் என்று பெயரிட்டார்கள். மறு ஆண்டு ரூபிடியம், கருஞ்சிவப்புக் கோடுகளால் பிடிபட்டது. 44,000 லிட்டர் ஊற்றுநீரை வற்றவைத்துக் கிடைத்தது சுமார் 7 கிராம் சீசியம் குளோரைடும் 9 கிராம் ரூபிடியம் குளோரைடும். இவ்விரண்டையும் பிரிக்கப் பிளாட்டினம் குளோரைடு சேர்த்தால் பொட்டாசியமும் கூடவே வீழ்படிவாகும். ஆனால் அதன் உப்பு மற்ற இரண்டையும்விட வெந்நீரில் நன்றாகக் கரையும்; அதனால் வீழ்படிவைத் திரும்பத் திரும்ப வெந்நீரில் கொதிக்கவைத்துப் பொட்டாசியத்தை விலக்கினார் புன்சன். இந்தச் சலியாத வேலைக்குப் பாடத்தில் அரைப்பக்கமாவது ஒதுக்கலாம்.

சீசியத்தை உலோகமாகவும் அவரே பிரித்தார் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். அதைச் செய்தவர் ஸ்வீடன் வேதியியலாளர் செட்டர்பெர்க், 1882-ல்.

இப்படிக்கு,
வேதியியல் செய்முறை வகுப்பு நடத்துவோர்