கயலுக்கு அப்பா எழுதுவது

கயல்,

நீ பார்க்கச் சொன்ன ‘யுனிவர்சல் ஹாரர்’ ஆவணப்படத்தைப் பார்த்துவிட்டோம். அம்மாவுக்குப் பேய் ஆகாது. பழைய மெக்சிகோ நடிகை லுபிடா டோவார் பேசும்போது மட்டும் அடுப்படியிலிருந்து வந்து உட்கார்ந்தாள். எண்பது தாண்டிய வயதில் அந்த அம்மா பழையதை எவ்வளவு தெளிவாகச் சொல்கிறார்!

பகலில் பேலா லுகோசி ஆட்கள் இங்கிலீஷில் டிராகுலா எடுப்பார்களாம். அவர்கள் கிளம்பியதும் அதே செட்டில் லுபிடா ஆட்கள் ஸ்பானிஷில் விடிய விடிய நடிப்பார்களாம். டைரக்டர் ஜார்ஜ் மெல்ஃபோர்டுக்கு ஸ்பானிஷே தெரியாது, கூத்துதான். ஆனால் அந்த ராத்திரி வேலைக்காவது ஒரு முடிவு இருந்தது. உனக்கு முடிகிற மாதிரித் தெரியவில்லை. நேரத்துக்குத் தூங்கு. அந்த அம்மா 106 வயது வரை இருந்திருக்கிறார், சும்மா இல்லை.

அந்தப் படத்தின் மூன்றாம் ரீல் கெட்டுப்போய், ஹவானாவில் இருந்த பிரதியிலிருந்து எடுத்துச் சேர்த்தார்கள் என்று சொன்னாயே, அன்றைக்கு உன் குரலே வேறு. இப்போதெல்லாம் “ம்”, “சரிப்பா”, “அப்புறம் பேசறேன்”. என் பொண்ணு பழைய படங்களைக் காப்பாத்துறா என்று வாக்கிங் வருகிறவர்களிடம் நான் பெருமையடிக்காத நாள் இல்லை. பெருமை மட்டும் இங்கே வருகிறது, போன் வரவில்லை.

1928இல் ஹாலிவுட் போகும்போது லுபிடாவுக்குப் பதினெட்டு. துணைக்குப் பாட்டி போயிருக்கிறார். நம் ஆச்சியைத்தான் அனுப்பியிருக்க வேண்டும், முழங்கால் விடவில்லை. மேலவீட்டுச் சங்கதி தீர்ந்துவிட்டது, சித்தி சொல்லியிருப்பாள்.

இன்னொன்றும் தேடிப் படித்தேன். அந்த ஸ்பானிஷ் படத்தைத் தயாரித்த பால் கோனரைத்தான் லுபிடா கட்டிக்கொண்டார். அவர் பொஹீமியாவில் பிறந்த யூதர், இவர் ஒவாஹாகாவில் பிறந்த கத்தோலிக்கப் பெண். 1932இல் கல்யாணம். 1988இல் அவர் சாகும்வரை ஒன்றாகவே இருந்தார்கள். இதை எதற்கு எழுதுகிறேன் என்று கேட்காதே. சினிமாச் சரித்திரம் என்றால் இதுவும் சேர்த்திதானே?

பொங்கலன்று பேசும்போது, கூட வேலை செய்கிற பையன் உன்னிடம் ரசம் வைக்கக் கற்றுக்கொள்கிறான் என்றாய். அப்புறம் அவன் பேச்சே இல்லை. ரசம் சரியாக வந்ததா? புளி கூடினால் வெல்லம் ஒரு துளி போடச் சொல். சின்ன விஷயம்தான், இருந்தாலும் எழுது. அம்மாவிடம் சொல்லக் கூச்சமாக இருந்தால் எனக்கு எழுது. நான் கோபப்படுகிற ஆள் இல்லை. படுவேன்தான், ஆனால் ராத்திரிக்குள் சரியாகிவிடும்.

பார்சல் போட்டாயிற்று. பருப்புப்பொடி இரண்டு பாக்கெட். ஒரு ஆளுக்கு எதற்கு இரண்டு என்று கேட்டேன், அம்மா முறைத்தாள். வந்து சேர்ந்ததும் போன் பண்ணு. நேரத்துக்குத் தூங்கு.

அப்பா