கொப்புளத்துக்கு ஒட்டடைச் சிலந்தி மேல் பழி போடாதீர்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். போகிக்கு வீட்டைச் சுத்தம் செய்வது பற்றிச் சென்ற இதழில் வந்த குறிப்புகளைப் படித்தேன். ஒட்டடையில் இருக்கும் எட்டுக்கால் பூச்சி மேலே பட்டால் கொப்புளம் வரும், பார்த்த இடத்திலேயே மருந்து அடித்துவிடுங்கள் என்று அதில் இருந்தது. பக்கத்தில் போட்டிருந்த படமோ தோட்டத்தில் சக்கரம் மாதிரி வலை பின்னுகிற சிலந்தி. ஒட்டடை கட்டுவது அது இல்லை.

நம் வீடுகளில் ஒட்டடை கட்டுபவை பெரும்பாலும் இரண்டு வகை. உத்தரத்திலும் மாடிப்படிக்கு அடியிலும் தலைகீழாகத் தொங்குமே, நூல் நூலாய்க் கால் நீண்ட சிலந்தி, அது ஒன்று. குரோசோப்ரைசா லயோனி என்பது அதன் அறிவியல் பெயர். உடம்பு அரை சென்டிமீட்டர் இருக்கும். பக்கவாட்டில் பார்த்தால் வயிற்றின் பின்பக்கம் வெட்டிவிட்டது போலச் சதுரமாகத் தெரியும். ஈர்க்குச்சியால் வலையை லேசாகத் தொட்டால் போதும், உருவமே தெரியாத வேகத்தில் ஆடும். தாய்ச் சிலந்தி முட்டைகளைக் கொத்தாக வாயில் கவ்விக்கொண்டே இருக்கும். குஞ்சு பொரிக்கும்வரை கீழே வைக்காது. டெங்கு பரப்புகிற கொசுவையும் இது பிடித்துத் தின்னும்.

இன்னொன்று உருண்டை வயிறும் பழுப்பு நிறமும் கொண்டது. சில வீடுகளில் செம்பழுப்பாகவும் இருக்கும். ஜன்னல் மூலை, பீரோவுக்குப் பின்னால், குளியலறைக் கதவோரம் என்று இருக்கும். அதன் வலை பார்க்கத்தான் தாறுமாறு. தரையைத் தொடுகிற நூல்களை மட்டும் விறைப்பாக இழுத்துக் கட்டி, அவற்றின் அடியில் பசைத் துளிகள் வைத்திருக்கும். எங்கள் குளியலறையில் ஒரு எறும்பு அந்த நூலில் இடித்ததைக் குந்தி உட்கார்ந்து பார்த்தேன். நூல் தரையிலிருந்து பட்டென்று விட்டுக்கொள்ள, எறும்பு அந்தரத்தில் தொங்கியது. சிலந்தி இறங்கி வந்து, பின்பக்கம் காட்டித் திரும்பி, பின்னங்காலால் பசை நூலை இழுத்து இழுத்து அதன்மேல் வீசியது. அந்தக் காலில் சீப்புப் பல் போல மயிர் வரிசை உண்டு. வலையில் கொத்தமல்லி விதையைவிடச் சற்றுப் பெரிதாக, பழுப்புக் காகிதத்தில் செய்த மாதிரி ஒரு பை தொங்கினால் அதுதான் முட்டைப் பை. இரை சரியாகச் சிக்காத இடத்தை விட்டு இந்தச் சிலந்தி வேறு மூலைக்குப் போய்விடும். அப்படி விட்டுப்போன வலையில் தூசி படிந்துதான் ஒட்டடை ஆகிறது.

இவை இரண்டும் மேலே ஊர்ந்தால் கொப்புளம் வராது. அப்படியானால் அந்தக் கொப்புளம் எது? முதுகிலோ விலாவிலோ ஒரே பக்கமாக எரிச்சலோடு வரிசையாக வந்தால் பெரும்பாலும் அக்கிதான். சின்ன வயதில் வந்த சின்னம்மையின் கிருமி நரம்பில் தங்கியிருந்து மறுபடி எழுவது அது. மழைக்காலத்தில் விளக்கைத் தேடி வரும் ஒரு சிறு வண்டைத் தோலோடு நசுக்கிவிட்டாலும் கோடு போட்டது போலப் புண் ஆகும்.

இதை நான் இவ்வளவு விரிவாக எழுதக் காரணம் என் அம்மா. 68 வயதில் விலாவில் கொப்புளம் வந்தபோது, எட்டுக்கால் பூச்சி பட்டிருக்கும் என்று எல்லோரும் சொன்னார்கள். செம்மண் குழைத்து அக்கி எழுதினோம், வீட்டு ஒட்டடையெல்லாம் அடித்தோம். எட்டாம் நாள்தான் மருத்துவரிடம் போனோம். மூன்று நாட்களுக்குள் மாத்திரை ஆரம்பித்திருந்தால் நல்ல பலன் கிடைத்திருக்கும் என்றார். கொப்புளம் ஆறிய பிறகும் புடவை உரசினாலே அம்மா பல மாதம் துடித்தார்.

சரி, எல்லாச் சிலந்தியும் சாது என்று நான் சொல்லவில்லை. கறுப்பு விதவை என்கிற நச்சுச் சிலந்தியும் உருண்டை வயிற்றுச் சிலந்தியின் குடும்பம்தான். பளபளக்கும் கரிய உடம்பு, சிவப்பு அடையாளம். அடுக்கி வைத்த செங்கல், வெளியே போட்ட பழைய சாமான்களுக்குள் கை விடுமுன் குச்சியால் தட்டிப் பார்ப்பது நல்லது.

ஒட்டடையை அடியுங்கள், நானும் அடிக்கிறேன். அதற்கு ஒட்டடைக் கம்பு போதும்; குழந்தைகள் படுக்கிற அறையில் மருந்து எதற்கு? போகிக்கு முன் வரும் இதழில் சரியான படத்தோடு ஒரு திருத்தம் போடுங்கள். ஒரே பக்கமாகக் கொப்புளம் வந்தால் அன்றைக்கே மருத்துவரைப் பார்க்க வேண்டும் என்பதையும் அதில் சேர்த்துவிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கும்பகோணம்.