கதாநாயகி என்ற பெயர் மட்டும் போதுமா? குளோபோ தொலைக்காட்சிக்கு ஒரு திறந்த மடல்

பிரேசிலின் குளோபோ தொலைக்காட்சியின் நாடகப் பிரிவை நடத்தும் பெருமக்களுக்கு,

வணக்கம். ரியோ டி ஜெனீரோவில் உள்ள உங்கள் அலுவலகத்தில் தமிழ் படிக்கத் தெரிந்தவர் ஒருவர் இருப்பார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. ஆயினும் சொல்ல வந்த செய்திக்குப் பொறுப்பானவர்கள் நீங்கள் என்பதால் உங்களை நோக்கியே எழுதுகிறேன். இரவுச் சாப்பாட்டு நேரத்தில் ஊரே ஒரு நெடுந்தொடரின் முன் உட்கார்ந்திருப்பது எப்படிப்பட்ட அதிகாரம் என்பதைத் தமிழ் வாசகர்களுக்கு எவரும் விளக்க வேண்டியதில்லை. ஆகவே இம்மடலை அருகில் நின்று படிப்பவர்களுக்கும் இதன் பொருள் விளங்கும்.

நடிகை தாயிஸ் அராவுஜோவைப் பற்றியது இம்மடல். கடந்த இருபது ஆண்டுகளுக்கும் மேலாக நீங்கள் அவருக்குக் கதாநாயகி என்ற இடத்தைத் திரும்பத் திரும்ப அளித்திருக்கிறீர்கள். அந்த இடத்துக்கு உரிய கதையைக் கடைசிவரை அவர் கையில் விட்டுவைக்க உங்களுக்கு மனம் வந்ததில்லை என்பது என் குற்றச்சாட்டு.

1978 நவம்பர் 25 அன்று ரியோவில் பிறந்த தாயிஸ், பதின்வயதிலேயே மாடலாகத் தொழிலைத் தொடங்கியவர். தொலைக்காட்சியில் அவரை முதலில் அறிமுகப்படுத்தியது நீங்கள் அல்ல, உங்கள் போட்டியாளராக இருந்து 1999-இல் மூடப்பட்ட மான்சேட்டே நிறுவனம். 1995-இல் அங்கே சிறிய வேடம் ஒன்றில் தோன்றிய அவர், மறு ஆண்டே ஷிக்கா டா சில்வாவாக நடித்து நாடறிந்த முகமானார். பதினெட்டாம் நூற்றாண்டில் வைரச் சுரங்கங்கள் நிறைந்த திஜூக்கோ என்ற ஊரில் அடிமையாக வாழ்ந்து, விடுதலை பெற்று, செல்வாக்குடன் வாழ்ந்த பெண்ணின் கதை அது. அதே ஷிக்காவாக 1976-இல் திரைப்படத்தில் நடித்திருந்த செசே மோட்டா, இத்தொடரில் ஷிக்காவின் தாயாக வந்தார்.

செசே மோட்டாவைப் பற்றி இங்கே ஒரு செய்தியைச் சொல்லியாக வேண்டும். கறுப்பின நடிகர்கள் கிடைப்பதில்லை என்று தயாரிப்பாளர்கள் சொல்லிவந்த சாக்குக்குப் பதிலாக, அவர் 1984-இல் கறுப்பினக் கலைஞர்களின் விவரங்களைத் திரட்டி வைக்கும் மையம் ஒன்றையே நிறுவினார். ஒரு நடிகை தன் சக கலைஞர்கள் இருக்கிறார்கள் என்பதற்கே பட்டியல் போட்டு நிரூபிக்க வேண்டியிருந்த துறை, உங்கள் துறை.

அதற்கும் பதினைந்து ஆண்டுகளுக்கு முன், 1969-இல், டாம் மாமாவின் கதை என்ற அமெரிக்க நாவலை நீங்கள் தொடராக எடுத்தபோது, கறுப்பின அடிமையான டாமின் வேடத்தை செர்ஜியோ கார்தோசோ என்ற வெள்ளை நடிகருக்கு முகத்தில் கரி பூசி அளித்தீர்கள். அன்றே கலைஞர்களிடமிருந்து எதிர்ப்பு எழுந்தது. அந்தத் தொடரில் டாமின் மனைவியாக நடித்தவர், 1945-இல் ரியோவின் நகராட்சி நாடக அரங்கில் கறுப்பின நாடகக் குழுவோடு மேடையேறிய ரூத் டி சௌசா. கணவராக உடன் நடித்தவர் கரி பூசியவர் என்ற நிலையில் அந்த அம்மையார் நடித்துக்கொண்டிருந்தார் என்பதை நினைக்கும்போது, அவருடைய பொறுமையைப் பாராட்டுவதா, அந்தப் பொறுமையைக் கோரியவர்களைக் கேள்வி கேட்பதா என்று தெரியவில்லை.

இந்த வரலாற்றுக்குள்தான் தாயிஸ் வந்து சேர்ந்தார். 1997 முதல் உங்கள் தொடர்களில் துணை வேடங்கள், பின்பு 2004-இல் ஜோவாவ் எமனுவேல் கார்னேரோ எழுதிய தொடரில் கதாநாயகி. மரன்யாவோ மாநிலத்தின் சாவ் லூயிஸ் நகரில் மூலிகை விற்கும் பிரேத்தா என்ற பெண்ணின் காதல் கதை அது. பல நாடுகளில் விலைபோன அந்தத் தொடருக்கு, பாவத்தின் நிறம் என்று பொருள்படும் பெயரை வைத்தீர்கள். அதே ஆண்டில் கறுப்பின இயக்குநர் ஜோயல் சீத்தோ அராவுஜோ எடுத்த திரைப்படத்தில் ரூத் டி சௌசாவோடும் லேயா கார்சியாவோடும் தாயிஸ் நடித்தார். கிராமாதோ திரைப்பட விழாவில் அந்தப் படத்தின் நடிகையர் பரிசுகளைப் பகிர்ந்துகொண்டனர். ஒரே நடிகை, ஒரே ஆண்டு, இருவேறு பார்வைகள். அந்த வேறுபாட்டைப் பற்றி உங்கள் பிரிவில் எவராவது அன்று பேசியிருந்தால், 2009-இல் நடந்தது நடந்திருக்காது என்றே எண்ணுகிறேன்.

2009 செப்டம்பரில் உங்கள் முதன்மை இரவுத் தொடரில், எழுத்தாளர் மனோயல் கார்லோஸின் எலேனாவாக தாயிஸ் தோன்றினார். இந்த எழுத்தாளர் 1981 முதல் தம் பல தொடர்களின் நாயகியருக்கு எலேனா என்றே பெயரிட்டுவந்தார். பிரேசில் நடிகையருக்கு அந்தப் பெயர் ஒரு பட்டத்துக்கு ஒப்பானது. அதைப் பெற்ற முதல் கறுப்பினப் பெண் தாயிஸ். அந்த இரவு நேரத்தில் நாயகியான முதல் கறுப்பின நடிகையும் அவரே. பாத்திரமோ உலகப் புகழ் பெற்ற மாடல். பதின்வயதில் மாடலாக நின்றவர், தம் முப்பதாவது வயதில் ஒரு மாடலின் வாழ்க்கையை நாடு முழுவதற்கும் நடித்துக் காட்டும் வாய்ப்பு அது. எவ்வளவு பெரிய கதை அதில் இருந்தது! தோலின் நிறத்தைக் காரணம் காட்டி முன்வரிசையிலிருந்து தள்ளப்படும் பெண்கள் உள்ள தொழில் அது என்பதை எழுத்தாளர் அறியாமலிருக்க முடியாது. ஆனால் அந்தக் கதையின் ஓரத்தைக்கூட நீங்கள் தொடவில்லை. எலேனா பணக்காரக் கணவரை மணந்தாள். கணவரின் மகள் லூசியானா பேருந்து விபத்தில் கைகால் செயலிழந்தாள். அந்த விபத்தின் பழி எலேனாவின் தலையில் விழுந்தது. அதன்பின் மக்களின் கண்ணீரும் கதையின் ஓட்டமும் லூசியானாவின் பக்கம் சென்றன. நாயகி தன் தொடரிலேயே விருந்தாளியானாள்.

அந்த நவம்பரில் நீங்கள் ஒளிபரப்பிய ஒரு காட்சி இன்றும் பேசப்படுகிறது. எலேனா முழந்தாளிட்டு, லூசியானாவின் தாய் தெரேசாவிடம் மன்னிப்புக் கேட்கிறாள். தெரேசா அவள் கன்னத்தில் அறைகிறாள். மண்டியிட்ட கறுப்பினப் பெண்ணை நின்றுகொண்டு அறையும் வெள்ளைப் பெண் என்ற அந்தப் படிமம், 1888 வரை அடிமை முறையை வைத்திருந்த நாட்டின் வரவேற்பறைகளுக்கு, கறுப்பின விழிப்புணர்வு நாளான நவம்பர் 20 வந்த அதே வாரத்தில் போய்ச் சேர்ந்தது. எழுதியவர், இயக்கியவர், தொகுத்தவர், ஒளிபரப்புக்கு ஒப்புதல் தந்தவர் என்று அத்தனை பேர் கைகளைத் தாண்டி வந்த காட்சி அது. ஒருவருக்குமா உறுத்தவில்லை? அந்த எலேனாவைத் தம் தொழில் வாழ்வின் பெரிய தோல்வியாகத் தாயிஸ் பின்னாளில் பேட்டிகளில் குறிப்பிட்டிருக்கிறார். தோல்வி அவருடையது அன்று என்பதை நீங்கள் ஒருநாள் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும்.

உங்கள் பக்கத்து நியாயத்தையும் நான் அறிவேன். நீங்கள் எடுப்பது முடிவு தெரிந்த கதை அல்ல. ஒளிபரப்பு நடந்துகொண்டிருக்கும்போதே அத்தியாயங்கள் எழுதப்படுகின்றன, பார்வையாளர் குழுக்களைக் கூட்டிக் கருத்துக் கேட்கிறீர்கள், எந்தப் பாத்திரம் பிடிக்கிறதோ அது வளர்கிறது, பிடிக்காதது சுருங்குகிறது. என் அச்சம் இந்த முறையிலேயே இருக்கிறது. கறுப்பினப் பெண்ணை வீட்டு வேலைக்காரியாக மட்டுமே பார்த்துப் பழகிய பார்வையாளர்களின் கண், அவளை மாளிகையின் எசமானியாகப் பார்க்கும்போது தயங்கும். அந்தத் தயக்கம் கருத்துக் கணிப்பில் எண்ணாக மாறும். அந்த எண்ணைப் பார்த்து எழுத்தாளர் கதையைத் திருப்புவார். எவரும் தீய எண்ணத்தோடு ஒன்றும் செய்யாமலேயே நாயகி ஓரமாகிவிடுவாள்.

2012-இல் மூன்று பணிப்பெண்களின் கதையில் தாயிஸ் பெனியாவாக நடித்தார். மீண்டும் வேலைக்காரி வேடமா என்று முகம் சுளித்தவர்கள் உண்டு. என் கணிப்பில் அவர் உங்களுக்காகச் செய்தவற்றில் சிறந்தது அதுவே. ஏனெனில் அந்த மூன்று பெண்களின் ஆசையும் கோபமும்தான் கதையை நடத்தின. வீட்டுப் பணியாளர்களுக்கு மற்றத் தொழிலாளருக்குள்ள உரிமைகளை வழங்கும் அரசியலமைப்புத் திருத்தம் 2013 ஏப்ரலில் வந்தபோது, அந்தத் தொடரைப் பார்த்திருந்த வீடுகளில் பெனியாவின் முகம் நினைவுக்கு வந்திருக்கும்.

கணவர் லசாரோ ராமோசுடன் அவர் கலைஞர் தம்பதியாக நடித்த நகைச்சுவைத் தொடர் 2015-இல் தொடங்கியது. அதே ஆண்டு இறுதியில் அவருடைய முகநூல் பக்கத்தில் இனவெறிப் பதிவுகள் குவிந்தன. அவர் அவற்றை அழிக்காமல் காவல்துறையிடம் கொண்டுசென்றார், கைதுகளும் நடந்தன. 2017-இல் ஐ.நா. பெண்கள் அமைப்பு பிரேசிலில் கறுப்பினப் பெண்களின் உரிமைக்கான குரலாக அவரை அறிவித்தது.

நீங்கள் மாறவே இல்லை என்று சொல்ல மாட்டேன். 2018-இல், கறுப்பின மக்கள் பெரும்பான்மையாக வாழும் பாயியா மாநிலத்தைக் களமாகக் கொண்ட தொடருக்குப் பெரும்பாலும் வெள்ளை நடிகர்களையே நிரப்பியதற்காகத் தொழிலாளர் நலன் சார்ந்த அரசு வழக்குத் துறை உங்களுக்குப் பரிந்துரைக் கடிதம் அனுப்பும் நிலை வந்தது. ஐந்தாண்டுகளில், 2023-இல், உங்கள் மூன்று முதன்மைத் தொடர் நேரங்களிலும் கறுப்பின நடிகர்கள் முன்னணியில் இருந்தார்கள். 2022 கணக்கெடுப்பின்படி பிரேசில் மக்களில் 55.5 விழுக்காட்டினர் தம்மைக் கறுப்பர் என்றோ கலப்பினத்தவர் என்றோ குறிக்கும் நாட்டில் இது தாமதமான மாற்றம், ஆனாலும் மாற்றம்.

அதனால்தான் 2025 ஏமாற்றம் தந்தது. உங்கள் அறுபதாம் ஆண்டை ஒட்டி, 1988-இன் புகழ்பெற்ற தொடரை மறுபடி எடுத்தீர்கள். ரெஜினா துவார்த்தே அன்று ஏற்ற ராக்கேல் வேடம் தாயிசுக்குக் கிடைத்தது. சொந்த மகளாலேயே வஞ்சிக்கப்பட்டு, ரியோவின் கடற்கரையில் சாண்ட்விச் விற்று, உணவுத் தொழில் ஒன்றைக் கட்டியெழுப்பும் தாய் அவள். நடுவழியில் அவளை மறுபடி கடற்கரைக்கே அனுப்பினீர்கள். அவள் மேலேறிச் செல்வதைத்தான் தாம் எதிர்பார்த்ததாகவும், கறுப்பினப் பெண்ணின் வேறொரு கதையைச் சொல்லும் வாய்ப்பாக அதைக் கருதியதாகவும் தாயிஸ் பேட்டியில் வெளிப்படையாகச் சொன்னார். தொடர் ஓடிக்கொண்டிருக்கும்போது நாயகியே இப்படிப் பேச நேர்வது எளிய செய்தி அல்ல. பிற்பகுதியில் நாடு தொடரின் வில்லியான ஒதேச்சே ரோய்ட்மானைக் கொன்றது யார் என்று விவாதித்துக்கொண்டிருந்தது. ராக்கேலின் கதையைத் தேட வேண்டியிருந்தது.

இதற்கு மாறான ஒன்றையும் காட்டுகிறேன். ஆல்திரி அனுன்சியாசாவோ எழுதிய நாடகத்தைத் தழுவி லசாரோ ராமோஸ் இயக்கி, பிரேசில் திரையரங்குகளுக்கு 2022 ஏப்ரலில் வந்த படத்தில், தாயிஸ் மருத்துவராக வருகிறார். கறுப்பினக் குடிமக்களை ஆப்பிரிக்காவுக்கு அனுப்ப அரசு ஆணையிடும் கதையில் அவர் பயப்படுகிறார், காதலிக்கிறார், எரிச்சலடைகிறார், எதிர்த்து நிற்கிறார். எழுதியவரும் இயக்கியவரும் கறுப்பினத்தவராக இருந்தபோது அந்தப் பாத்திரத்துக்கு எவருக்கும் முன்னால் மண்டியிட வேண்டிய தேவை வரவில்லை.

ஆகவே என் கோரிக்கை நடிகர் தேர்வைப் பற்றியது அன்று. தொடர் ஓடும்போது கதையை எந்தத் திசையில் திருப்புவது என்று முடிவெடுக்கும் மேசையில் இருப்பவர்களைப் பற்றியது. கருத்துக் கணிப்பின் எண்கள் வந்து சேரும் அந்த அறையில், இந்த எண் எதைக் காட்டுகிறது, கதையின் குறையையா அல்லது பார்ப்பவரின் பழக்கத்தையா என்று கேட்கவும், தேவைப்பட்டால் திருத்தத்தை நிறுத்தவும் அதிகாரம் உள்ள கறுப்பின எழுத்தாளர்கள் எத்தனை பேர் இருக்கிறார்கள்? ஆலோசகர்களைக் கேட்கவில்லை, தலைமை எழுத்தாளர்களைக் கேட்கிறேன். அடுத்த ஒன்பது மணித் தொடரின் முதல் அத்தியாயம் ஒளிபரப்பாகும் முன், அந்த எழுத்துக் குழுவின் பட்டியலை நடிகர் பட்டியலோடு சேர்த்தே வெளியிடுங்கள்.

இங்ஙனம்,
உங்கள் தொடர்களைத் தொலைவிலிருந்து பார்த்துவரும் ஒரு தமிழ்ப் பார்வையாளர்