மழைக்கு முன்னே வரட்டும் தடுப்பூசி

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். ஐப்பசி மழையில் காடு பச்சைப் பிடித்தால் ஆட்டுக்காரர்களுக்கு அதைவிடச் சந்தோஷம் கிடையாது. போன ஆண்டு எனக்கு அது மூன்று நாள்கூட நிலைக்கவில்லை. மாலையில் வயிறு நிறைய மேய்ந்து பட்டியடைந்த நான்கு கிடாய்க்குட்டிகள் விடியற்காலையில் விறைத்துக் கிடந்தன. நான்கும் மந்தையிலேயே கொழுத்தவை. பாம்புக்கடி என்றார்கள், செய்வினை என்றார்கள். கால்நடை மருத்துவர் குடலை அறுத்துப் பார்த்துவிட்டு, துள்ளுமாரி என்றார்.

இதற்குக் காரணமான கிளாஸ்ட்ரிடியம் பெர்ஃப்ரிஞ்சன்ஸ் பாக்டீரியா, காற்றில்லாத குடலுக்குள் வாழ்வது. நல்ல ஆட்டிலும் கொஞ்சம் இருக்கும். திடீரென்று இளம்புல்லோ தானியமோ அளவுக்கு மீறித் தின்றால், செரிக்காத மாவுச்சத்து சிறுகுடலுக்கு இறங்குகிறது. அதில் கிருமி மளமளவென்று பெருகி நஞ்சைக் கக்குகிறது. நஞ்சு இரத்தத்தில் கலந்து மூளையைத் தாக்கும்போதுதான் ஆடு துள்ளி விழுகிறது. பெரும்பாலும் அதற்குப் பிறகு வைத்தியம் பார்க்க நேரமே இருப்பதில்லை.

தடுப்பூசியை ஆண்டுதோறும் மழைக்கு முன்பே போட வேண்டும். முதன்முறை போடும் குட்டிகளுக்குச் சில வாரங்களில் இரண்டாவது ஊசியும் தேவை. எங்கள் ஊருக்கு முகாம் வந்ததோ புல் முளைத்த பிறகு! இந்த ஆண்டாவது ஆவணியிலேயே முகாம் நடத்தி, தேதியை முன்கூட்டியே ஊருக்குச் சொல்லுமாறு அதிகாரிகளைக் கேட்டுக்கொள்கிறேன். ஆடு வளர்ப்போரும் புதுப்புல் காலத்தில் காலையில் கடலைக்கொடியோ சோளத்தட்டையோ போட்டுவிட்டு மேய்ச்சலுக்கு ஓட்டுங்கள்.

இப்படிக்கு,
ஆடு வளர்க்கும் வாசகர்,
சிவகங்கை மாவட்டம்.